போயிட்டு வா ராசா

சாலிகிராமம், சென்னை
10-8-2003

அருமை மாப்பிள்ளை வைரவனுக்கு,

மச்சான் ரெங்கராஜ் எழுதுவது. போன மாதம் இரண்டு படத்தில் செத்துப்போனேன் என்றாலும் நிஜத்தில் சுகம். போனில் பேசலாம் என்று பார்த்தால், ‘சாப்பிட்டியா’ என்று கேட்பதற்குள் உன் கார்டு தீர்ந்துவிடுகிறது. கடிதம் போட்டால் மட்டும் நீ வக்கணையாகப் பதில் எழுதுவாய் என்று உன் வீட்டில் என் தங்கச்சி பூவாயி சொன்னாள். அதனால்தான் பேனாவைப் பிடித்தேன்.

சினிமாவுக்கு வந்து இருபது வருசம் ஆகிறது. கதாநாயகன் கையால் அடிவாங்கித் தக்காளிக் கூடைமேல் விழுகிறவன், கோர்ட்டில் ‘சைலன்ஸ்’ சொல்கிறவன், பெண்ணுக்குச் சித்தப்பா, வில்லனுக்குக் கார்க் கதவு திறக்கிறவன் என்று எல்லாம் ஆகியாயிற்று. ஆனாலும் பஸ்ஸில் ஏறினால் எதிர் சீட்டுக்காரர் என்னையே உற்றுப் பார்ப்பார். கண்டுபிடித்துவிட்டார் என்று நானும் நிமிர்ந்து உட்காருவேன். “சார் கூட்டுறவு பேங்க்ல இருந்தீங்களோ?” என்பார்.

இப்போது ஒரு புது டைரக்டர் கூப்பிட்டிருக்கிறார். சின்னப் பையன்தான், ஆனால் விசயம் தெரிந்தவர். அவருடைய ரூமில் உட்காரவைத்து ஒரு மெக்சிகோ நாட்டுப் படம் போட்டுக் காட்டினார். அதில் பிணப்பெட்டி செய்கிற ஒருத்தன் வருகிறான். நாலைந்து காட்சிதான். அந்த நடிகர் அந்த ஊரில் வாழ்நாள் முழுக்க நடித்தாராம், ஒரு படத்தில்கூடக் கதாநாயகன் இல்லையாம். பெயரைக் கேட்டால் யாருக்கும் தெரியாதாம், முகத்தை மட்டும் எவனும் மறக்கமாட்டானாம். “அண்ணே, நம்ம படத்துல அந்த ஆளு நீங்கதான்” என்றார் டைரக்டர். வீட்டுக்கு வந்து கண்ணாடி முன்னால் நின்று என் மூஞ்சியை வெகுநேரம் பார்த்துக்கொண்டிருந்தேன் மாப்பிள்ளை. என் வீட்டுக்காரி, அதான் உன் தங்கை, கேலி செய்தாள்.

வேடம் இதுதான்: பிணவறையில் வேலை பார்க்கிறவன். என் தொழில் முறை உனக்குத் தெரியும். எனக்குச் சொந்தமாக எதுவும் கற்பனை செய்ய வராது. ஒரு நிஜ ஆளைப் பிடித்தால்தான் நடிக்க முடியும். நான் செய்த ஏட்டு எல்லாம் நம்ம சிங்கம்புணரி ஸ்டேஷன் ஏட்டுதான். மெக்சிகோக்காரன் கையை நம் ஆளுக்கு மாட்ட முடியாது. நம் ஊர்க் கை வேண்டும்.

போன லீவு முடிந்து நீ கிளம்பியபோது மதுரை பஸ் ஸ்டாண்டு டீக்கடையில் என்னிடம் சொன்னாயே, “வீட்டுல சொல்லிவச்ச ஆஸ்பத்திரி ஸ்டோர் வேலையும் இல்ல, ஒண்ணும் இல்ல மச்சான், பொணவறை வேலைதான்” என்று. அன்றைக்கு நீ அழுததை நான் யாரிடமும் சொன்னதில்லை. இப்போது எனக்காக எழுது. எங்கே முதலில் தொடுவாய், முகத்தை எப்படி வைத்துக்கொள்வாய், என்ன சொல்வாய் எல்லாம் வேண்டும். சனம் தேம்பி அழப்போகிற காட்சி அது. உன்னைத்தான் நம்பியிருக்கிறேன்.

உன் மச்சான்
ரெங்கராஜ்


துபாய்
5-9-2003

அன்புள்ள மச்சானுக்கு,

கடிதத்தைப் பன்னீர்செல்வம் கொண்டுவந்து கொடுத்தான். சத்வாவில் தையல் கடை வைத்திருக்கிறானே, நம்ம தெக்குத்தெரு பன்னீரு. உன்னைப் பற்றி அவனுக்கு ஒரே பெருமை. ஒரு பெரிய நடிகருக்கு நீ குடை பிடித்து நிற்கிற போட்டோவைக் கடையில் மிஷினுக்கு மேலே ஒட்டிவைத்திருக்கிறான்.

எழுதுவதா வேண்டாமா என்று நாள் கடத்தினேன். ஆனால் இந்த வேலையைப் பற்றி இதுவரை யாரும் என்னிடம் ஒரு வார்த்தை கேட்டதில்லை. தெரிந்தவன் தள்ளிப்போவான், தெரியாதவனிடம் நான் சொல்வதில்லை. கேட்டது நீ ஒருத்தன்தான். அதில் எனக்கு ஒரு சந்தோசம் இருக்கத்தான் செய்தது.

ஹெல்பர் விசா என்று கூட்டிவந்து கம்பெனி என்னை இங்கே விட்டது. இறந்தவர்களை ஊருக்கு அனுப்புமுன் மருந்து ஏற்றிப் பெட்டியில் வைக்கிற இடம். மருந்து ஏற்றுவது படித்தவர்கள் வேலை. கழுவித் துடைத்து, துணி சுற்றி, பெட்டியில் கிடத்துவது எங்கள் டூட்டி. முதலில் சோறு இறங்கவில்லை. இப்போது இறங்குகிறது, ஆனால் பழகிவிட்டது என்று சொல்லமாட்டேன். வருகிறவன் எல்லாம் நம் வயசுக்காரனாக இருக்கிறான். சைட்டில் விழுந்தவன், வெயிலில் சுருண்டவன், கேம்ப்பில் படுத்து எழுந்திருக்காதவன்.

கையைக் கேட்டிருந்தாய். முதலில் நெற்றியைத் தொடுவேன். பெட்டியில் வைத்ததும் துணியின் ஓரத்தை மோவாய்க்குக் கீழே செருகிவிடுவேன், பனிக்காலத்தில் பிள்ளைக்குப் போர்த்திவிடுகிற மாதிரி. நெஞ்சில் லேசாக இரண்டு தட்டு. பிறகு தொண்டையைச் செருமிக்கொள்வேன். செருமாவிட்டால் எனக்குக் குரல் வராது. “போயிட்டு வா ராசா” என்பேன். பெண்ணாக இருந்தால் தாயி. அவ்வளவுதான், மூடிவிடுவார்கள்.

ஏன் சொல்கிறேன் என்று கேட்பாய். அவன் ஊரில் கிளம்பியபோது வாசலில் நின்று யாரோ ஒருத்தி போயிட்டு வா என்று சொல்லித்தான் அனுப்பியிருப்பாள். அந்தச் சொல்லை நம்பித்தான் பிளேன் ஏறியிருப்பான். இந்தப் பக்கத்திலிருந்து கிளம்பும்போது வாசலில் நிற்க ஆள் இல்லை. மூடிவிட்டுப் பேசாமல் திரும்ப என் மனசு கேட்கவில்லை. வெறும் போ என்று சொல்லி யாரையும் அனுப்பி நம் வீட்டில் பழக்கமில்லை. அதனால் பழகிய வார்த்தையைச் சொல்கிறேன். பிகார்க்காரனோ நேபாளியோ, எல்லாருக்கும் தமிழ்தான். புரியவில்லை என்று இதுவரை எவனும் திரும்பிக் கேட்டதில்லை.

இதை எல்லாம் எழுதியது உனக்கு மட்டும். பூவாயிக்குத் தெரியாது. மகள் பானுப்பிரியாவுக்கும் தெரியாது. அவளுக்கு மேலூரில் ஒரு மாப்பிள்ளை பார்த்திருக்கிறார்கள், சுரேஷ்குமார் என்று பெயர், கரண்ட் ஆபீசில் வேலை. பானுவுக்கும் பிடித்திருக்கிறது போலிருக்கிறது, போட்டோவைப் பீரோவில் துணிக்கு அடியில் வைத்திருக்கிறாளாம். நம் சனத்தைப் பற்றி உனக்கு நான் சொல்ல வேண்டியதில்லை. நித்தம் பிணத்தைத் தொடுகிற கை என்று தெரிந்தால் அந்தக் கையால் பெண்ணைத் தாரை வார்க்க விடுவார்களா? அவள் கழுத்தில் தாலி ஏறும்வரை இந்த விசயம் உன் நெஞ்சைத் தாண்டக் கூடாது. நீ அவளுக்குத் தாய்மாமன். உன்னை வேறு என்ன சொல்லிக் கேட்பேன்?

அன்புடன்
வைரவன்


சென்னை
20-11-2003

மாப்பிள்ளை,

உன் கடிதத்தைப் படித்துவிட்டு நான் அழுதேன். டைரக்டருக்கு... சரி, அவருக்கு உன் பெயரைச் சொல்லவில்லை, தெரிந்த ஆள் ஒருவர் என்று சொல்லிக் கையை மட்டும் செய்து காட்டினேன். மனுசன் எழுந்து வந்து கட்டிப்பிடித்துக்கொண்டார்.

காட்சி எடுத்தாயிற்று. லைட் பிடிக்கிறவர்கள்கூட ஒரு நிமிசம் அசையாமல் நின்றார்கள். டைரக்டர் ஒரே அழுகையாக இருக்கக் கூடாது என்று அங்கங்கே கொஞ்சம் கலகலப்பு சேர்க்கிறேன் என்கிறார். அது அவர் பாடு. நமக்கென்ன.

பானு விசயத்தில் நீ கவலைப்படாதே. இது உன் நெஞ்சில் இருந்தால் என்ன, என் நெஞ்சில் இருந்தால் என்ன. மாமன் சீருக்குப் பட்டுச்சேலை இப்போதே பார்த்துவைத்துவிட்டேன், மயில் கழுத்து நிறம். உன் மச்சான் இருக்கும்போது பிள்ளை கல்யாணம் ஊரே பேசுகிற மாதிரி நடக்கும்.

சித்திரைக்குப் படம் வருகிறது. அவசியம் பார்.

ரெங்கராஜ்


துபாய்
23-4-2004

மச்சான்,

படத்தைப் பார்த்தேன். இன்றைக்கு வெள்ளிக்கிழமை, பன்னீர்செல்வம் சத்வாவுக்கு வரச் சொன்னான். கடைக்கு மேலே ரூமில் நம் பக்கத்து ஆட்கள் எல்லாம் கூடியிருந்தார்கள். பிரியாணி வாங்கி வைத்திருந்தான். ‘நம்ம ரெங்கராஜ் அண்ணன் படம்’ என்று சொல்லி சிடியைப் போட்டான். நானும் முன்னால் போய் உட்கார்ந்தேன். அழுவதற்குத் தயாராக உட்கார்ந்தேன் என்றால் நம்புவாயா?

ரப்பர் பூட்ஸும் கழுத்தில் துண்டுமாக நீ வந்தாய். படத்தில் உனக்குப் பெயர் ‘துபாய் மாமா’. ஊரில் மேனேஜர் என்று பீற்றிக்கொண்டு துபாயில் பிணம் கழுவிய ஆள். நெற்றியைத் தொட்டாய். துணியை மோவாய்க்குக் கீழே செருகினாய். நெஞ்சில் இரண்டு தட்டு. என் செருமல். “போயிட்டு வா ராசா” என்றாய். பிணம் எழுந்து உட்கார்ந்து, “வந்தா பாக்கிச் சம்பளத்தைத் தருவியாடா?” என்று கேட்கிறது. நீ பூட்ஸ் வழுக்கி விழுகிறாய்.

ரூமே அதிர்ந்தது. சோற்றை மென்றுகொண்டிருந்தவனுக்குப் புரை ஏறியது. அப்புறம் நாலைந்து இடத்தில் அதே வார்த்தை, அதே செருமல், ஒவ்வொரு தடவையும் சிரிப்பு. இவர்களில் பாதிப் பேர் இங்கே சம்பளம் வராமல் கிடந்தவர்கள்தான். அவர்கள் சிரித்ததில் எனக்குக் கோபமில்லை. என்னை அறியாமல் நான் செருமிவிட்டேன். பன்னீர்செல்வம் சிரித்துக்கொண்டே திரும்பினான். என் முகத்தைப் பார்த்தான், பிறகு என் கையைப் பார்த்தான். ஒரே தட்டில் சாப்பிட்டுக்கொண்டிருந்தோம். அதற்குமேல் அவன் அந்தத் தட்டில் கை வைக்கவில்லை.

நான் உனக்குக் கொடுத்தது என்ன, நீ செய்தது என்ன? என் வேலை கேவலம் என்று நான் உன்னிடம் எழுதினேனா? உலகத்திலேயே உன்னிடம் மட்டும்தான் அதைக் கேவலம் இல்லாமல் எழுதினேன். வயிறு எரிகிறது மச்சான். வேறு எவனாவது செய்திருந்தால் ரெண்டு வார்த்தை திட்டிவிட்டு டூட்டிக்குப் போயிருப்பேன்.

ஆவணியில் நிச்சயதார்த்தம். பூவாயி படம் பார்க்கப் போவாள், அண்ணன் படம் ஆயிற்றே. நீ ஊருக்குப் போ. இது நீயாகக் கட்டிய கதை, யாரையும் பார்த்துச் செய்தது இல்லை என்று எல்லார் காதிலும் விழுகிற மாதிரி சொல்லு. இதை ஒன்றை மட்டும் செய்.

வைரவன்


சென்னை
15-5-2004

அன்புள்ள மாப்பிள்ளை,

உன் கோபம் நியாயம். ஆனால் என் பக்கத்தையும் கொஞ்சம் கேள்.

நான் அழுதுதான் நடித்தேன். சத்தியம். பிணம் எழுந்து உட்காருவதை என்னை வீட்டுக்கு அனுப்பிவிட்டு வேறொரு நாள் எடுத்துச் சேர்த்தார்கள். பூட்ஸ் வழுக்குவது மட்டும் நான் செய்தது, அது வேறு காட்சிக்கு என்று சொல்லிச் செய்யச் சொன்னார்கள். டப்பிங்கில் பார்த்தபோதுதான் எனக்கே தெரிந்தது. அப்போது நான் சண்டை போட்டிருக்கலாம். போட்டால் என்ன ஆகும்? என் பங்கை வெட்டி எறிவார்கள். இருபது வருசமாக வெட்டி எறியத்தான் பட்டிருக்கிறேன்.

நேற்று ஷேர் ஆட்டோவில் போனேன். ஒருத்தர் இறங்கும்போது டிரைவர் “போயிட்டு வா ராசா” என்றார். ஆட்டோ முழுக்கச் சிரித்தது. திரும்பிப் பார்த்தால் அந்த வார்த்தைக்குச் சொந்தக்காரன் பின் சீட்டில் உட்கார்ந்திருக்கிறான்! அந்தக் குஷியில் என்னை வீடுவரை கொண்டுவந்து விட்டார். பெயரைச் சொல்லிக் கூப்பிட்டார் மாப்பிள்ளை. ரெங்கராஜ் சார் என்றார். இது என்ன ருசி என்று உனக்குப் புரியாது.

உன்னைப் பற்றி யாருக்கும் தெரியாது. டிவியில் பேட்டி எடுத்தபோது இந்தப் பாணியை எங்கே பிடித்தீர்கள் என்று கேட்டார்கள். மெக்சிகோ நாட்டு நடிகர் ஒருவரைப் பார்த்துக் கற்றது என்று சொல்லிவிட்டேன். உனக்காகத்தான் சொன்னேன். பூவாயி அந்தப் பேட்டியைப் பார்த்திருக்கிறாள், போனில் பெருமைப்பட்டாள். படமும் பார்த்துவிட்டாளாம், விழுந்து விழுந்து சிரித்தாளாம். ஒரு சந்தேகமும் இல்லை.

நிச்சயதார்த்தத்துக்கு நான் நேரில் போகிறேன். சீர் நான் கொண்டுபோகிறேன். நீ லீவு கிடைக்கவில்லை என்று வருந்தாதே, உன் இடத்தில் நான் நிற்பேன்.

உன்
மச்சான்


துபாய்
12-9-2004

திரு. ரெங்கராஜ் அவர்களுக்கு,

என் இடத்தில் நிற்பதாக எழுதியிருந்தீர்கள். நின்றீர்கள். போனில் பூவாயி சொன்னதையும் பானு சொன்னதையும் வைத்து எழுதுகிறேன். எதையாவது கூட்டிச் சொல்லியிருந்தால் திருத்துங்கள்.

கார் வந்து நின்றதும் தெருவே கூடிவிட்டது. மேலூர்க்காரர்கள் நிச்சயம் செய்ய வந்ததையே மறந்து உங்களோடு போட்டோ எடுத்துக்கொண்டார்கள். அதுவரை நல்லதுதான். தட்டு மாற்றுவதற்கு முன்னால் யாரோ அந்தக் காட்சியைச் செய்து காட்டச் சொன்னார்கள். பூவாயி, வேண்டாம்ணே, நல்ல காரியத்தில் பிண விளையாட்டு எதுக்கு என்று சொல்லியிருக்கிறாள். அவளுக்கு அப்போது ஒன்றும் தெரியாது, சகுனத்துக்காகச் சொன்னாள். நீங்கள் எழுந்துவிட்டீர்கள். கைதட்டினால் உங்களால் உட்கார முடியாது.

மாப்பிள்ளையின் சித்தப்பா சிரித்துக்கொண்டே ஜமுக்காளத்தில் படுத்தார். போர்த்தத் துணி தேடினீர்கள். சீர்த் தட்டிலிருந்த மயில் கழுத்துச் சேலையை எடுத்தீர்கள். என் மகளுக்கு நீங்கள் கொண்டுவந்த சீர்ச் சேலை. அதை விரித்து, மோவாய்க்குக் கீழே செருகி, நெஞ்சில் இரண்டு தட்டு தட்டினீர்கள். படத்தைவிடப் பிரமாதமாக இருந்ததாம்.

பானு உங்களுக்கு நேர் எதிரே உட்கார்ந்திருந்தாள். ஒவ்வொரு லீவு முடிந்தும் நான் விடியலில் கிளம்பும்போது அவள் தூங்கிக்கொண்டிருப்பாள். எழுப்பினால் அழுவாள் என்று போர்வையைச் செருகி, தட்டிக்கொடுத்துவிட்டு வருவேன். அவள் தூங்கவில்லையாம். எல்லாத் தடவையும் முழித்துக்கொண்டுதான் கிடந்தாளாம். இது எனக்கு இந்தப் போனில்தான் தெரியும். “மாமா, இது எங்கப்பா எனக்குப் போத்திவிடுறது” என்று எல்லாருக்கும் முன்னால் சந்தோசமாகச் சொல்லியிருக்கிறாள். அப்பாவைப் பார்த்த மாதிரி இருந்ததாம் அவளுக்கு.

அந்த இடத்தில் நீங்கள் சும்மா இருந்திருக்கலாம். ஆமா தாயி, அப்பன் எல்லாருமே பிள்ளைக்கு அப்படித்தான் போர்த்துவான் என்று சொல்லியிருந்தால் முடிந்தது. மெக்சிகோக்காரனை இழுத்திருந்தாலும் சரி. ஊரே பார்த்துக்கொண்டிருந்தது, கதை கேட்க ஆசையாக இருந்தது. நீங்கள் பானுவின் தலையைத் தடவி, “அசல் ஆளு என் மாப்பிள்ளைதாம்மா. நான் வெறும் நகல்” என்றீர்கள். அதோடு நின்றீர்களா? அவர் அங்கே செத்தவர்களை எப்படி அனுப்புகிறார் தெரியுமா என்று ஆரம்பித்து, நான் உங்களுக்கு எழுதியதை வரிக்கு வரி சொன்னீர்கள். சொல்லும்போது கண்ணீர் விட்டீர்களாம். நீங்கள் பேசி முடித்ததும் கொஞ்ச நேரம் யாரும் பேசவில்லையாம். அதைப் பாராட்டு என்று நினைத்தீர்களோ என்னவோ.

மாப்பிள்ளையின் தாயார்தான் கேட்டார்கள். “அப்ப, அந்தண்ணன் அங்க பொணங் கழுவுறாரா?”

தட்டு மாறவில்லை. சாப்பிடாமல் வேனில் ஏறிவிட்டார்கள். சுரேஷ்குமார் மட்டும் பானுவை ஒரு தடவை திரும்பிப் பார்த்தானாம். நீங்களும் ஷூட்டிங் இருக்கிறது என்று கிளம்பிவிட்டீர்கள். பந்தலில் பூவாயியும் பானுவும் அத்தனை சோற்றோடும் நின்றார்கள்.

பகையாளியாக இருந்தால் எனக்கு மனசு ஆறிவிடும். நீங்கள் என்னை உயர்த்திப் பேசியே என் பிள்ளையின் வாழ்க்கையைக் கவிழ்த்தீர்கள். இதற்கு நான் யாரிடம் போய் முறையிடுவது?

வைரவன்


சென்னை
30-11-2004

அன்பு மாப்பிள்ளைக்கு,

‘திரு.’ போட்டு எழுதினாயே, அந்த ஒரு சொல் என்னைக் கொன்றுவிட்டது. உன் தங்கை இரண்டு நாள் என்னோடு பேசவில்லை.

நான் கெட்ட எண்ணத்தில் சொல்லவில்லை. உன்னை எல்லாரும் மதிக்க வேண்டும் என்றுதான் சொன்னேன். அந்த நேரத்தில் வாயில் வந்துவிட்டது. மேலூர் சனத்துக்கு மனசு இல்லை, அதற்கு நான் என்ன செய்ய? இதைவிட நல்ல இடமாக நான் பார்க்கிறேன். இப்போது எனக்கு நாலு பேரைத் தெரியும்.

ஒரு நல்ல சேதி. ஜனவரியில் துபாயில் நட்சத்திரக் கலைவிழா நடக்கிறது, என்னையும் கூட்டிவருகிறார்கள். முதல் தடவையாகப் போஸ்டரில் என் முகம், ஓரத்தில்தான் என்றாலும் இருக்கிறது. உனக்குப் பாஸ் பன்னீர்செல்வத்திடம் அனுப்பச் சொல்லியிருக்கிறேன். வந்துவிடு, நேரில் காலில்கூட விழுகிறேன்.

அப்புறம் ஒன்று. கேட்கக் கூச்சமாக இருக்கிறது. அதே டைரக்டர் அடுத்து ஒரு படம் எடுக்கிறார். இதில் சிரிப்பே கிடையாது, விருதுக்குப் போகிற படம். அதே பிணவறை ஆள், ஆனால் இந்தத் தடவை நிஜமாக, நீ எழுதிய மாதிரியே. உனக்குச் செய்யும் பிராயச்சித்தம் என்று வைத்துக்கொள். வாங்கிக்கொள்ள ஊரில் ஆளே இல்லாத பிணம் வந்தால் நீ என்ன செய்வாய், என்ன சொல்வாய்? நாலு வரி எழுதினால் போதும்.

ரெங்கராஜ்


துபாய்
4-2-2005

திரு. ரெங்கராஜ் அவர்களுக்கு,

கலைவிழாவுக்கு வந்தேன். நீங்கள் கொடுத்த பாஸைப் பன்னீர்செல்வத்திடமே விட்டுவிட்டு, கேம்ப் ஆட்களோடு கம்பெனி பஸ்ஸில் வந்து பின்னால் நின்றேன். இப்போது அவன் என்னோடு பேசுகிறான். ஒருநாள் டீ வாங்கிக்கொண்டு ரூமுக்கே வந்தான். என் கையிலிருந்த டம்ளரை வாங்கி அவன் ஒரு வாய் குடித்துவிட்டுத் திருப்பிக் கொடுத்தான். மன்னிப்பு என்று ஒரு வார்த்தை சொல்லவில்லை. எனக்கு அது போதுமாக இருந்தது.

நீங்கள் மேடைக்கு வந்து செருமினீர்கள். அதற்கே கூட்டம் எழுந்துவிட்டது. “போயிட்டு வா” என்று மட்டும் சொல்லி மைக்கை எங்கள் பக்கம் நீட்டினீர்கள். மைதானம் முழுக்க “ராசா” என்று கத்தியது. டூட்டி உடுப்போடு வந்தவன், ரூமில் குளித்துப் பவுடர் போட்டு வந்தவன், எல்லாரும் நம் ஆட்கள். வயிறு வலிக்கச் சிரித்தார்கள். இவர்களில் எவன் என்னிடம் வரப்போகிறானோ என்று ஒவ்வொரு முகமாகப் பார்த்துக்கொண்டு நின்றேன். அதற்குமேல் முடியாமல் பஸ்ஸில் போய் உட்கார்ந்துவிட்டேன்.

மேலூர் இடம் போனது போனதுதான். பானு இப்போது சிவகங்கையில் ஒரு நர்சரிப் பள்ளியில் டீச்சர். இனி எவன் வந்தாலும் எங்கப்பா கையைப் பிடித்துப் பேசிவிட்டுத்தான் தட்டைத் தொட வேண்டும் என்று அம்மாவிடம் சொல்லிவிட்டாளாம். அப்படி ஒருத்தன் வருவானா என்று எனக்குத் தெரியாது. பூவாயி ரொம்ப நாள் போனை எடுக்கவில்லை. எடுத்த அன்றைக்கு, “சாப்பிடுறப்ப கைய நல்லாக் கழுவிக்கிறீங்களா?” என்று மட்டும் கேட்டாள். அருவருப்பில் கேட்டாளோ, அக்கறையில் கேட்டாளோ, இன்னும் எனக்கு விளங்கவில்லை. கழுவுறேன் தாயி என்றேன். அப்புறம் இரண்டு பேரும் கார்டு தீரும்வரை பேசாமலே இருந்தோம்.

கல்யாணம் நின்றதைக்கூட ஒருநாள் நான் முழுங்கிவிடுவேன். நீங்கள் எடுத்துக்கொண்ட இன்னொன்று இருக்கிறது, அது உங்களுக்குத் தெரியவே தெரியாது. பெட்டி ஏற்றுகிற வண்டி டிரைவர் மலையாளி. அவனும் அந்தப் படத்தைப் பார்த்திருக்கிறான். இப்போதெல்லாம் கதவைச் சாத்தும்போது என்னைப் பார்த்துக் கண்ணடித்து அதைச் சொல்கிறான். நல்லவன்தான், விளையாட்டுக்குச் சொல்கிறான். போன வாரம் இராமநாதபுரம் பக்கத்துக்காரன் ஒருத்தன் வந்தான். சாரம் கட்டுகிற வேலை. துணியைச் செருகினேன், தட்டினேன், செருமினேன். வார்த்தை நாக்கு நுனி வரை வந்தது. அதோடு அந்த மைதானத்துச் சிரிப்பும் வந்தது. அவன் முகத்துக்கு நேராக அதைச் சொல்ல எனக்கு வாய் வரவில்லை. இங்கே வந்த நாள் முதல் ஒருத்தனையும் நான் பேசாமல் அனுப்பியதில்லை. அவனைப் பேசாமல் அனுப்பினேன். அவனுக்குப் பிறகு வந்தவர்களையும் அப்படித்தான்.

வாங்க ஆள் இல்லாத பிணத்துக்கு என்ன சொல்வேன் என்று கேட்டிருந்தீர்கள். இப்போது யாருக்கும் எதுவும் சொல்வதில்லை. படத்துக்கு வேண்டுமானால் அதை வைத்துக்கொள்ளுங்கள்.

பன்னீர்செல்வம் லீவில் வருகிறான். மயில் கழுத்துச் சேலையைப் பூவாயியிடம் வாங்கி உங்கள் வீட்டில் சேர்த்துவிடுவான். பானுவுக்கு மாமன் மாலை போட ஆள் இல்லாவிட்டால் பன்னீரையே நிறுத்திக்கொள்கிறோம். இனி எனக்கு எழுத வேண்டாம். வந்தாலும் பிரிக்கமாட்டேன்.

மச்சான், பஸ் ஸ்டாண்டில் அன்றைக்கு என் பஸ் கிளம்பும்வரை நீ ஜன்னலைப் பிடித்துக்கொண்டு நின்றாய். “போயிட்டு வா மாப்ளே” என்று கத்திக்கொண்டே கொஞ்ச தூரம் கூடவே ஓடிவந்தாய். அந்த ஆள் நடிக்கவில்லை, அது எனக்குத் தெரியும். அதனால்தான் இத்தனை வலிக்கிறது. உன்னையும் அதே மாதிரி சொல்லி அனுப்பத்தான் எனக்கு ஆசை. செத்தவனுக்குக்கூட நான் முழுசாகச் சொன்ன வார்த்தை. பாதிக்குமேல் வரமாட்டேன் என்கிறது.

போ.

வைரவன்